அடையை உடைக்காத தேன்



தொழில் வளர்ச்சி பற்றிப் பேசச் சொன்னார்கள். அதற்குக் கோயம்புத்தூர் வரை போவானேன்? நம்ம மார்த்தாண்டத்து ரப்பர் தோட்டத்துக்குள்ளே வாருங்கள், தேனீப் பெட்டிகளைப் பாருங்கள்!

முந்தி தேன் எடுத்தது எப்படி? பொந்தில் புகை போட்டு, அடையைப் பிய்த்து, துணியில் கட்டிப் பிழிந்தார்கள். புழுவும் சேர்ந்து வடிந்தது. தேனீக்கு வீடும் போச்சு, பிள்ளையும் போச்சு! 1851-இல் அமெரிக்காவில் லாங்ஸ்ட்ராத் என்ற பாதிரியார் கண்டுபிடித்தார்: அடை கட்டும் சட்டத்துக்கும் பெட்டிக்கும் நடுவே ஈ நுழையும் அளவு இடம் விட்டால், ஈ அதை மூடுவதில்லை; அடையை உடைக்காமல் சட்டத்தை வெளியே எடுக்கலாம். அந்தச் சின்ன இடைவெளியில்தான் இந்தத் தொழிலே நிற்கிறது! நியூட்டன் பாதிரியார் நம்ம நாட்டு ஈக்குத் தக்க சிறு பெட்டி செய்தார். 1920-களில் ஸ்பென்சர் ஹாட்ச் இதே மார்த்தாண்டத்தில், ஒய்.எம்.சி.ஏ. மூலம் பெட்டி வளர்ப்பைச் சொல்லிக் கொடுத்தார். கத்தியால் மெழுகு மூடியைச் சீவி, சட்டத்தை மெஷினில் வைத்துச் சுற்றினால் தேன் தெறித்து வெளியே வரும். அடை முழுசாகத் திரும்பப் பெட்டிக்குப் போகும்!

இங்கே ஒரு பெரியவரைச் சொல்லியாக வேண்டும். பேர் சொன்னால் கோபிப்பார். 1990-களின் தொடக்கத்தில் தேனீக்கு வைரஸ் நோய் வந்ததே, மறந்துவிட்டீர்களா? புழுவெல்லாம் தண்ணீர்ப் பையாக வீங்கிச் செத்தது. ஊர் ஊராகப் பெட்டிகள் காலி. எத்தனை பேர் பெட்டியை விறகாக்கினார்கள்! இவர் தப்பிய ஒரு கூட்டத்தைப் பிரித்துப் பிரித்துப் பெருக்கினார். கேட்டவர்களுக்கெல்லாம் ஈ கொடுத்தார்.

அப்படி வளர்த்த ஈயின் தேனைத்தான், உறைந்துவிட்டது, சர்க்கரைப் பாகு என்று சிலர் கிளப்பிவிடுகிறார்கள். யார் என்று உங்களுக்கே தெரியும்! ரப்பர் தளிர்க்கும் தை, மாசியில் இலைக்காம்பு நுனியில் தேன் ஊறும். பூவில்கூட இல்லை, காம்பில்! அந்தத் தேன் சீக்கிரம் உறையும். அது அதன் குணம் ஐயா! கூசாமல் அவதூறு பேசி, விலையை அடித்து, பீப்பாய் பீப்பாயாக அள்ளிப் போய், தங்கள் லேபிளை ஒட்டி விற்கிறவர்களும் அவர்களே! ஈயின் அடையை உடைக்கக் கூடாது என்று படித்துவிட்டோம். ஈ வளர்க்கிறவன் வீட்டை மட்டும் உடைக்கலாமா? மார்த்தாண்டம் தேனுக்குப் புவிசார் குறியீடு வாங்கியாச்சு. விலையை வளர்க்கிறவனே வைக்கட்டும்!

அந்தப் பெரியவர் அதோ, கடைசி வரிசையில் தூணோரம் நிற்கிறார். தம்பி, முதலில் மேடையில் அவருக்கு ஒரு நாற்காலி போடு. மீதியை அவர் உட்கார்ந்த பிறகு பேசுகிறேன்!