கிண்ணமும் இரயில் கட்டணமும்



இயலும் இசையும் முழங்கும் இம்மேடையில் கால்பந்தாட்டம் குறித்துச் சில சொற்கள் கூற விழைகிறோம். தோற்றவர் விலக, வென்றவர் மேற்செல்லும் முறையில் ஒரு நாடு முழுவதற்கும் பொதுவாக முதன்முதல் நடந்த கால்பந்துப் போட்டி, இங்கிலாந்தின் எஃப்.ஏ. கிண்ணப் போட்டியாகும்.

1871 ஜூலை 20-ஆம் நாள், இலண்டனில் ஒரு பத்திரிகை அலுவலகத்தில் கால்பந்துச் சங்கத்தார் கூடினர். செயலாளர் சார்லஸ் ஆல்காக் இத்திட்டத்தை முன்மொழிந்தார். அவர் பயின்ற ஹாரோ பள்ளியில் விடுதிகள் இம்முறையில் மோதுவதுண்டு. பள்ளியின் பழக்கத்தை அவர் நாட்டின் வழக்கமாக்கினார். கிண்ணத்தின் விலை ஏறக்குறைய 20 பவுன். பெயர் கொடுத்த கழகங்கள் 15.

அவற்றுள் ஒன்று ஸ்காத்லாந்தின் கிளாஸ்கோ நகரத்துக் குவீன்ஸ் பார்க். கிளாஸ்கோவிலிருந்து இலண்டன் ஏறக்குறைய 400 மைல். கிண்ணம் வாங்கத் தன் பங்காக ஒரு கினி அளித்த அக்கழகத்துக்கு இரயில் கட்டணமே பெருஞ்சுமை. ஊரார் வழங்கிய நன்கொடையால் 1872 மார்ச்சில் அரையிறுதி ஆட வந்து சேர்ந்தனர். எதிர்த்தவர் ஆல்காக்கின் வாண்டரர்ஸ் கழகத்தார். ஆட்டம் கோலின்றிச் சமனாயிற்று. மீண்டும் ஆடத் தங்குவதற்குக் கையில் பொருள் இல்லை. தோல்வியுறாமலே அவர்கள் ஊர் திரும்பினர்! வாண்டரர்ஸ் இறுதியாட்டத்தை எய்தினர்.

மார்ச் 16-ஆம் நாள் ஓவல் மைதானத்தில், சுமார் 2,000 மக்கள் முன்னிலையில், வாண்டரர்ஸ் 1-0 என ராயல் எஞ்சினியர்ஸ் படையினரை வென்றனர். கோல் போட்ட மார்ட்டன் பெட்ஸ் புனைபெயரில் ஆடினார். எஞ்சினியர்ஸ் பக்கத்துக் கிரெஸ்வெல் காறையெலும்பு முறிந்தும் களத்தை விட்டு அகலவில்லை.

முதற் பத்தாண்டுகளில் கிண்ணம் செல்வர் பள்ளிகளில் பயின்றோர், பல்கலைக் கழகத்தார், படை அதிகாரிகள் ஆகியோர் கையிலேயே தங்கியது. 1883-இல் நிலை மாறியது. நெசவாலையினரும் கைத்தொழிலாளரும் நிறைந்த பிளாக்பர்ன் ஒலிம்பிக் கழகம், பழைய ஈட்டன் மாணவரை 2-1 என வீழ்த்தியது. வெற்றிக் கோல் போட்ட காஸ்ட்லி நூல் நூற்கும் தொழிலாளி. இரும்பாலை அதிபர் ஒருவரின் பொருளுதவியால் அவ்வணி முன்னதாகவே கடற்கரையூராகிய பிளாக்பூலில் தங்கிப் பயிற்சி பெற்றது. 1872-இல் கிளாஸ்கோவுக்கு இல்லாத துணை இவர்களுக்கு வாய்த்தது. 1885-இல் ஆட்டக்காரர் ஊதியம் பெறுவதையும் சங்கம் ஏற்றுக்கொண்டது.

அம்முறை நம் நாட்டுக்கும் வந்தது. 1888-இல் சிம்லாவில் டூரண்ட் கோப்பையும், 1893-இல் கல்கத்தாவில் ஐ.எஃப்.ஏ. கேடயமும் தொடங்கின. 1911 ஜூலை 29 அன்று மோகன் பகான் 2-1 என ஈஸ்ட் யார்க்ஷயர் படையினரை வென்று அக்கேடயத்தைப் பெற்றது. அப்பதினொருவருள் பதின்மர் வெறுங்காலினர்.

அன்பர்களே! பயணச் சீட்டின் கணக்கோடு வாழும் நாம் இவ்வரலாற்றில் காண்பது ஒன்று. களத்தில் திறமை வெல்லும். ஆனால் களம் வரை திறமையைக் கொண்டு சேர்க்கப் பொருள் வேண்டும். பிறந்த மண்ணை விட்டு வந்த நம் பிள்ளைகளுக்கு ஊரார் என்று சொல்ல இச்சங்கமே உண்டு. ஆண்டுச் சந்தாவில் ஒரு சிறு பகுதியை அவர்தம் விளையாட்டுப் பயணங்களுக்கென ஒதுக்குமாறு பேரவையை வேண்டுகிறோம். அவர்கள் தோற்றுத் திரும்பினாலும் குறைவில்லை, கட்டணமின்றித் திரும்பலாகாது.