மாசே மூழ்கவில்லை
(இலக்கிய மன்றக் கூட்டமொன்றில் ஆற்றிய உரை)



இன்று உங்களை உலகின் வடகோடிக்கு அழைத்துச் செல்லப் போகிறேன். நார்வே நாட்டின் வடமுனையில் பின்மார்க்கு என்றொரு நிலப்பகுதி. குளிர்காலத்தில் அங்கே ஞாயிறு கிழமைக்கணக்கில் எழாது. கோடையில் கிழமைக்கணக்கில் விழாது. அந்நிலத்தில் ஆல்த்தா என்னும் ஆறு மேட்டுநிலத்தினின்று இறங்கி, ஆழ்ந்த மலைப்பிளவினூடே பாய்ந்து கடல் சேர்கிறது. அம் மேட்டுநிலத்தில் பனிமான் மேய்த்து வாழும் தொல்குடியினர் சாமியர். (பெயரைக் கேட்டு நம்மூர்ச் சாமியார்களை நினைத்துவிடாதீர்கள்! அவர்கள் தம்மைத் தாமே அழைத்துக்கொள்ளும் இனப்பெயர் அது.)

ஆற்றைச் சொல்லுமுன் பள்ளியைச் சொல்ல வேண்டும். பள்ளியாசிரியனாகிய என் நெஞ்சைச் சுட்ட செய்தி அது. 1851-இல் நார்வே அரசு ஒரு தனித்தொகை ஒதுக்கியது. எதற்கு? சாமியப் பிள்ளைகளை நார்வே மொழிக்கு மாற்றுவதற்கு! அதில் திறம் காட்டிய ஆசிரியர்க்குக் கூடுதல் ஊதியம். 1880-இல் வந்த ஆணை, அந்தப் பிடியை மேலும் இறுக்கியது. 1902-இன் நிலச்சட்டமோ, பின்மார்க்கில் அரசு நிலம் வாங்க விரும்புவோர் நார்வே மொழியைப் பேசவும் படிக்கவும் எழுதவும் அறிந்து, அதை நாளும் வழங்கவும் வேண்டும் என்றது. தாய்மொழியைக் கைவிட்டவனுக்கே காலடி மண்! பிள்ளைகள் வீட்டில் ஒரு மொழியும் பள்ளியில் ஒரு மொழியுமாகத் திகைத்து நின்றனர். பெற்றோர் பலர் தம் மொழியைப் பிள்ளைகளிடம் பேசவே அஞ்சினர்.

இந்நிலையில்தான் 1968-இல் ஆல்த்தா ஆற்றில் புனல்மின் நிலையம் அமைக்கும் திட்டம் வெளிவந்தது. அதன் முதல் வடிவின்படி, மாசே என்னும் சாமியச் சிற்றூர் முழுவதும் நீருக்குள் போகும். 1970-இல் பார்வையிட வந்த நாடாளுமன்றக் குழுவினர் முன்னே, 'நாங்களே முதலில் வந்தோம்' என்னும் பதாகையோடு மாசே மக்கள் நின்றார்கள். 1973-இல் திட்டத்தினின்று மாசே நீக்கப்பட்டது. ஊர் பிழைத்தது, ஆறு பிழைக்கவில்லை. சுருக்கிய திட்டத்திற்கு 1978-இல் நாடாளுமன்றம் இசைவளித்தது. பனிமான்களின் மேய்ச்சல் வழியும் பெயர்பெற்ற சால்மன்மீன் ஆறும் கெடும் என்று சாமியரும், அவரோடு தோள்சேர்ந்த நார்வேயரும் எதிர்த்தனர்.

1979 அக்டோபரில் சாமிய இளைஞர்கள் தலைநகர் ஓசுலோவில் நாடாளுமன்றத்தின் எதிரே தம் மரபுக் கூடாரத்தை அடித்து உண்ணாநோன்பிருந்தனர். அதுகாறும் 'வடக்கே யாரோ' என்றிருந்த தலைநகரத்தார், அப்போதுதான் தம் நாட்டில் இன்னோர் இனம் வாழ்வதைக் கண்ணாரக் கண்டனர். வேலை சிறிதுகாலம் நின்றது. 1981 சனவரியில், உறைபனிக் கடுங்குளிரில், கட்டுமானச் சாலையை மறித்து அமர்ந்திருந்தோரை ஏறத்தாழ 600 காவலர் ஒவ்வொருவராகத் தூக்கி அகற்றினர். அடுத்த மாதமே 14 சாமியப் பெண்கள் தலைமையமைச்சர் குரோ ஆர்லெம் புருண்டுலாந்தின் அலுவலகத்துக்குள் புகுந்து, வெளியேற மறுத்து அமர்ந்தனர். தலைமையமைச்சரும் பெண், எதிர்த்தோரும் பெண்கள்! 1982-இல் நாட்டின் உச்ச முறைமன்றம் அரசின் பக்கமே தீர்ப்பளித்தது.

145 மீட்டர் உயர வளைவணை எழுந்தது. தேக்கிய நீர் மலைக்குள் குடைந்த சுரங்கவழியே இறங்கிச் சுழலிகளை ஓட்டுகிறது; 150 மெகாவாட்டு மின்னாற்றல் பிறக்கிறது. நிலையம் 1987-இல் திறக்கப்பட்டது.

போராட்டம் தோற்றது என்று இங்கே ஏட்டை மூடிவிடலாமா? போராட்டத்தின் சூட்டில் 1980-இல் அரசு சாமியர் உரிமைக் குழுவொன்றை அமைக்க நேர்ந்தது. அதன் பயனாக, நிலையம் திறந்த அதே 1987-இல் சாமியர் சட்டம் நிறைவேறியது. 1988-இல் நாட்டின் அடிப்படைச் சட்டத்திலேயே, சாமியர் தம் மொழியையும் பண்பாட்டையும் காத்து வளர்க்கத்தக்க நிலையை உருவாக்குவது அரசின் கடமை என்று எழுதப்பட்டது. 1989-இல் சாமியர் மன்றத்தை அரசர் ஐந்தாம் ஒலாவு திறந்துவைத்தார். 1992-இல் ஆறு உள்ளாட்சிப் பகுதிகளில் சாமிய மொழி நார்வே மொழிக்கு நிகரான ஆட்சிமொழியாயிற்று. சென்ற தலைமுறை வெட்கி மறைத்த மொழியில் இன்று அரசுக்கு விண்ணப்பம் எழுதலாம். விடையும் அம்மொழியிலேயே வரும்.

மின்னாற்றலே வேண்டாம் என்று சொல்ல நான் இங்கு வரவில்லை. சாமியர் வீட்டிலும் விளக்கு எரிகிறது. எவருடைய ஆறு, எவரைக் கேட்டுக் கட்டினாய் என்பதே அன்று ஆல்த்தாக் கரையில் எழுந்த வினா.

பள்ளிவழி நடந்த மொழியழிப்புக்காக நார்வே நாடாளுமன்றம் மன்னிப்புக் கேட்டது 2024 நவம்பரில். முதல் தொகை ஒதுக்கி 173 ஆண்டுகள் கழித்து. மன்னிப்பைக் கேட்க அந்தப் பிள்ளைகளுள் பலர் இல்லை. அணையின் கீழே ஆற்றின் மேல்மடையில் நீர் முன்போல் இறுக உறைவதில்லை. மாசேயில் மக்கள் வாழ்கிறார்கள். வீட்டில் சாமிய மொழி பேசுகிறார்கள்.