செயலாளர் என்றொரு பதவி



யார் நினைவாக இந்தச் சொற்பொழிவு நடக்கிறதோ, அந்த ஆசிரியரை எனக்கு நேரில் தெரியும். பணி ஓய்வுக்குப் பிறகு மார்க்சிஸ்ட் கட்சியில் சேர்ந்தவர். கடைசிவரை ஒரே பொறுப்பில்தான் இருந்தார்: கிளைச் செயலாளர். ஒருநாள் மாலை திருக்கழுக்குன்றம் சாலையில் ஒரு வீட்டுத் திண்ணையில் அவரோடு பேசிக்கொண்டிருந்தேன். அன்று அங்கே கிளைக் கூட்டம். நான் கட்சிக்காரன் அல்லன் என்பதால், "கூட்டம் தொடங்கியதும் நீங்கள் கிளம்பிவிட வேண்டும், தப்பா நினைக்காதீங்க" என்று முன்கூட்டியே சொல்லிவிட்டார். பையிலிருந்து அரைக் குயர் நோட்டு ஒன்றை எடுத்துத் தேதி போட்டார். மேல்கமிட்டி முடிவுகள், உறுப்பினர் லெவி, கட்சி நாளேடு தீக்கதிரின் சந்தா, உண்டியல் வசூல் என்று ஒன்றன்கீழ் ஒன்றாக எழுதினார். ஒன்பது பேர் வர வேண்டும். மூன்று பேர் வந்தார்கள். முக்கால் மணி நேரம் பார்த்தார். பிறகு, "வருகை மூவர். கோரம் இல்லாததால் கூட்டம் ஒத்திவைக்கப்பட்டது" என்று எழுதிக் கையெழுத்திட்டார். எல்லோருக்கும் டீ வந்தது. நான் கிளம்ப வேண்டிய அவசியமே வரவில்லை.

"இதைப் போய் எழுதணுமா சார்?" என்று கேட்டேன். "செயலாளர்னா எழுதுறவன்தானே" என்றார்.

இன்றைய பேச்சு அந்தச் சொல்லைப் பற்றியதுதான்.

2019 அக்டோபர் 11. நரேந்திர மோடி வேட்டி சட்டையில் மாமல்லபுரத்தில் நிற்கிறார். அர்ச்சுனன் தபசு, வெண்ணெய் உருண்டைப் பாறை, ஐந்து ரதம், கடற்கரைக் கோயில் என்று விருந்தாளியான ஷி ஜின்பிங்கை அழைத்துக்கொண்டு போகிறார். இருவரும் ரதங்களுக்கு முன்னால் உட்கார்ந்து இளநீர் குடிக்கிறார்கள். (அன்றைக்கு அது காஞ்சிபுரம் மாவட்டம். நம் செங்கல்பட்டு மாவட்டம் பிறந்தது நவம்பர் 29-இல்.) மறுநாள் கோவளத்தில் பேச்சுவார்த்தை. நம் பத்திரிகைகள் எல்லாம் 'சீன அதிபர்' என்றே எழுதின. தவறில்லை. ஆனால் ஷி ஜின்பிங்கின் பதவிகளை அவருடைய நாட்டில் வரிசைப்படுத்தும்போது முதலில் வருவது கட்சியின் பொதுச் செயலாளர் என்பது. அதிபர் என்பது அதற்குப் பிறகுதான். அதிபர் பதவிக்கு இருந்த இரண்டு தவணை வரம்பை 2018-இல் நீக்கினார்கள், உலகமே பேசியது. பொதுச் செயலாளர் பதவிக்கோ கட்சி அமைப்புச் சட்டத்தில் அப்படி ஒரு வரம்பே இருந்ததில்லை. அதை யாரும் பெரிதாகப் பேசவில்லை.

அந்தப் பயணத்தில் சீன வெளியுறவு அமைச்சர் வாங் யீ வந்திருந்தார், யாங் ஜியேச்சியும் வந்திருந்தார். யாங் அப்போது அமைச்சர் அல்லர். ஆனால் அரசியல் தலைமைக்குழு உறுப்பினர். ஆகவே வெளியுறவில் அமைச்சரைவிட அவரே மூத்தவர். நம் ஊரில் அமைச்சர் காரைக் கண்டால் கட்சிக்காரர் ஓரம் ஒதுங்குவார். அங்கே நேர்மாறு.

இந்தக் கரைக்கு இன்னொரு சீனத் தலைவரும் வந்ததுண்டு. 1956-இல் சூ என்லாய், மாமல்லபுரத்துக்குப் பக்கத்தில் குழிப்பாந்தண்டலத்தில் தாய்சேய் நல மையத்தைத் திறந்துவைத்தார். அந்த ஆண்டு சீனக் கட்சியின் பொதுச் செயலாளர் யார் தெரியுமா? டெங் சியோபிங். ஆனால் அவர் முதல் ஆள் அல்லர். மேலே தலைவர் மாவோ, துணைத் தலைவர்கள் வரிசையில் சூ என்லாய், அதற்கும் பிறகுதான் பொதுச் செயலாளர். 1982-இல் தலைவர் பதவியையே எடுத்துவிட்டார்கள். எழுத்தர் நாற்காலி சிம்மாசனம் ஆனது. ரஷ்யாவில் இது முன்பே நடந்த கதை. 1922 ஏப்ரலில் ஸ்டாலினுக்கு அந்தப் பொறுப்பைக் கொடுத்தபோது அது கோப்பு பார்க்கிற வேலையாகத்தான் தோன்றியது. யாரை எந்த ஊருக்கு, எந்தப் பொறுப்புக்கு அனுப்புவது என்ற பட்டியல் அந்தக் கோப்புக்குள் இருந்தது.

இந்தியாவுக்கு வருவோம். 1925 டிசம்பரில் கான்பூரில் கூடிய முதல் கம்யூனிஸ்ட் மாநாட்டுக்குத் தலைமை தாங்கியவர் சென்னைக் கடற்கரையின் மீனவர் குடும்பத்தில் பிறந்த சிங்காரவேலர். தலைவர் அவர், செயலாளர்கள் எஸ்.வி. காட்டேயும் பகர்ஹட்டாவும். பிறகு இங்கேயும் செயலாளரே முதன்மை ஆனார். 1958 அமிர்தசரஸ் மாநாட்டில் மத்தியக்குழு என்ற பெயரை மாற்றித் தேசியக் குழு என்றார்கள். 1962-இல் பொதுச் செயலாளர் அஜய் கோஷ் மறைந்ததும் இரண்டு அணிகளுக்கு நடுவே ஒரு சமரசம்: எஸ்.ஏ. டாங்கே தலைவர், ஈ.எம்.எஸ். பொதுச் செயலாளர். நெடுங்காலமாக இல்லாத தலைவர் நாற்காலி டாங்கேவுக்காகவே போடப்பட்டது. இரண்டே ஆண்டில் கட்சி உடைந்தது. 1964-இல் பிறந்த மார்க்சிஸ்ட் கட்சியின் முதல் அரசியல் தலைமைக்குழுவில் ஒன்பது பேர்; சுந்தரய்யா பொதுச் செயலாளர், நம் பி. ராமமூர்த்தி ஓர் உறுப்பினர். தலைவர் என்று யாரும் இல்லை.

மேடையில் கட்சி அமைப்பைச் சொல்லும்போது ஏணி மாதிரி சொல்வார்கள்: கிளை, இடைக்கமிட்டி, மாவட்டக்குழு, மாநிலக்குழு, மத்தியக்குழு, அரசியல் தலைமைக்குழு. சிறுபான்மை பெரும்பான்மைக்குக் கட்டுப்பட வேண்டும், கீழ்க்கமிட்டி மேல்கமிட்டிக்குக் கட்டுப்பட வேண்டும். ஜனநாயக மத்தியத்துவம் என்று பெயர். ஏணியில் யார் எங்கே நிற்கிறார்கள் என்பது எளிய கேள்வி. ஏணியை யார் பிடித்திருக்கிறார்கள் என்பதே கேட்க வேண்டியது.

மீண்டும் மாமல்லபுரத்துக்கு வருவோம். ஐந்து ரதங்களை மேலிருந்து கீழே செதுக்கினார்கள். முதலில் சிகரம், கடைசியில் அடித்தளம். பிடாரி ரதத்தையும் வலையன்குட்டை ரதத்தையும் போய்ப் பாருங்கள். மேலே வேலை முடிந்திருக்கும், கீழே கல் கல்லாகவே நிற்கும். கடற்கரைக் கோயில் அப்படியில்லை. கல்மேல் கல் அடுக்கி எழுந்தது. கம்யூனிஸ்ட் கட்சிகளின் அமைப்புச் சட்டம் கடற்கரைக் கோயிலை வரைந்து காட்டுகிறது. நடைமுறையில் பல நேரம் ரதம்தான் வருகிறது. காரணம் 'பேனல்'. மாநாட்டில் புதிய குழுவுக்கான பட்டியலை முன்மொழிவது பதவிக் காலம் முடிகிற பழைய குழு. பிரதிநிதிகள் கூடுதலாகப் பெயர் சொல்லலாம், போட்டி வந்தால் ரகசிய வாக்கெடுப்பு. உரிமை இருக்கிறது. பயன்படுத்துகிறவர் அபூர்வம்.

2025 ஏப்ரலில் மதுரையில் நடந்த மார்க்சிஸ்ட் கட்சியின் 24-ஆவது அகில இந்திய மாநாட்டில் அந்த அபூர்வம் நடந்தது. மகாராஷ்டிரத்தின் டி.எல். கராட் மத்தியக்குழுப் பட்டியலை எதிர்த்து நின்றார். 31 வாக்குகள் பெற்றுத் தோற்றார். கட்சிக்குள் இது அவமானம் என்று நினைப்பவர்கள் உண்டு. எனக்கு அந்த மாநாட்டின் மிக ஆரோக்கியமான செய்தி அதுதான். எம்.ஏ. பேபி பொதுச் செயலாளர் ஆனதையும், 18 பேர் கொண்ட அரசியல் தலைமைக்குழுவில் நம் உ. வாசுகியும் கே. பாலகிருஷ்ணனும் இடம்பெற்றதையும் அதற்குப் பிறகே சொல்வேன்.

இந்திய அனுபவத்தில் வேறொன்று இருக்கிறது. இங்கே பொதுச் செயலாளர் தோற்கலாம். 1970-களின் நடுவில் மத்தியக்குழுப் பெரும்பான்மையோடு ஒத்துப்போக முடியாத சுந்தரய்யா பொறுப்பிலிருந்து விலகினார். கட்சியைவிட்டு விலகவில்லை. 1996-இல் ஜோதிபாசு பிரதமராகலாம் என்ற வாய்ப்பு வாசலுக்கு வந்தது. மத்தியக்குழு வேண்டாம் என்றது. பொதுச் செயலாளர் சுர்ஜித் வேண்டும் என்ற சிறுபான்மையில் இருந்தார். இருவரும் கட்டுப்பட்டார்கள். பின்னாளில் பாசு அதை வரலாற்றுப் பிழை என்றார். ஆனால் கட்டுப்பட்ட பிறகுதான் சொன்னார். 2018 ஜனவரியில் காங்கிரசோடு எப்படி நடந்துகொள்வது என்பதில் சீதாராம் யெச்சூரியின் நிலைப்பாடு மத்தியக்குழுவில் 55-க்கு 31 என்று தோற்றது. அவர் பொதுச் செயலாளராகவே தொடர்ந்தார், மூன்று மாதத்தில் ஹைதராபாத் மாநாடு அந்தத் தீர்மானத்தைத் திருத்தியது. ஸ்டாலின் தன் மத்தியக்குழுவில் இப்படித் தோற்று, பதவியிலும் இருந்து, மறுமாநாட்டுக்குக் காத்திருக்கும் காட்சியைக் கற்பனை செய்து பாருங்கள்.

இதைச் சொல்வதால் நான் வக்காலத்து வாங்குகிறேன் என்று எண்ண வேண்டாம். உழைப்பாளியின் கட்சி என்று சொல்லிக்கொண்ட கட்சியின் அரசியல் தலைமைக்குழுவில் முதல் பெண் உட்கார 2005 வரை ஆயிற்று, பிருந்தா காரத். முதல் தலித் உட்கார 2022 வரை ஆயிற்று, ராமச்சந்திர தோம். கட்சி பிறந்து 58 ஆண்டுகள். பேனல் எழுதியவர்கள் கண்ணில் யார் பட்டார்கள், யார் படவில்லை என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டாம். இந்திய கம்யூனிஸ்ட் கட்சியில் சித்தாத்தூர்க்காரரான டி. ராஜா 2019-இல் பொதுச் செயலாளர் ஆனார். 2025 செப்டம்பரில் சண்டிகரில் அவருக்காக 75 வயது வரம்பையே தளர்த்தினார்கள். அவர் தகுதியில் எனக்குச் சந்தேகமில்லை. போட்ட விதியை முதல் ஆளுக்கே தளர்த்துவது நல்ல பழக்கமா என்பதில் சந்தேகம் உண்டு. மார்க்சிஸ்ட் கட்சி செயலாளர்களுக்கு மூன்று தவணை என்று 2012-இல் வரம்பு கட்டியதை நான் வரவேற்றவன்.

நமக்கு ஆள்தான் நினைவிருக்கிறார், குழு நினைவில் நிற்பதில்லை. கம்யூனிஸ்ட் தலைவர் ஜீவாவைத் தாம்பரத்துக் குடிசையோடு சேர்த்து நினைவு வைத்திருக்கிறோம். அவர் எந்தக் குழுவில், என்ன பொறுப்பில் இருந்தார் என்று இந்த அரங்கில் கேட்டால் எத்தனை கை உயரும்? டெல்லியில் எடுத்த தீர்மானங்கள் தொகுதி தொகுதியாக அச்சாகியிருக்கின்றன. யார் யாரோடு முரண்பட்டார் என்பதற்குத் தன்வரலாறுகள் இருக்கின்றன. செங்கல்பட்டு, மதுராந்தகம், திருப்போரூர்ப் பக்கத்துக் கிளைகளில் என்ன பேசினார்கள், மேல்கமிட்டி முடிவை எந்த ஊரில் முணுமுணுத்துக்கொண்டே ஏற்றார்கள், எங்கே மூன்று பேர் மட்டும் வந்தார்கள் என்பது அந்த அரைக் குயர் நோட்டுகளில்தான் இருக்கிறது. அவை எந்த நூலகத்துக்கும் வந்து சேரவில்லை.

நம் ஆசிரியரின் நோட்டுகளைப் பற்றி அவர் வீட்டில் விசாரித்தேன். பெட்டியில் நான்கு இருந்தன. மற்றவை வீடு மாறியபோது எடைக்குப் போய்விட்டன.

உங்கள் வீட்டுப் பரணில் தாத்தாவின் கட்சி நோட்டோ, விவசாயச் சங்கத்து மினிட் நோட்டோ, சந்தா ரசீதுக் கட்டோ இருந்தால் தயவுசெய்து பழைய பேப்பர்காரரிடம் கொடுத்துவிடாதீர்கள். தரமணியில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் இருக்கிறது. இங்கிருந்து மின்சார ரயிலில் கிண்டியில் இறங்கினால் அங்கிருந்து பஸ். கொண்டுபோய்க் கொடுங்கள். தனியாகப் போகத் தயக்கமாக இருந்தால் என்னிடம் சொல்லுங்கள், நானும் வருகிறேன்.