பதக்கத்தைப் பறித்த கேள்வி

(மாதர் கூட்டமொன்றில் பேசியது)



பெண்களுக்கு இயற்கையிலேயே பலம் கிடையாது. ஆகையால் அவர்களுக்குச் சண்டைப் பயிற்சி எதற்கு, பந்தயம் எதற்கு என்று கேட்கிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள். அவர்களுக்குப் பதிலாக ஒரு அம்மையாரின் சரித்திரத்தைச் சொல்லுகிறேன்.

அமெரிக்காவில் புரூக்ளினில் 1935-ல் பிறந்தவர் ரீனா கிளிக்மன். ரஸ்டி கனோகோகி என்று பின்னால் பேர் பெற்றவர் இவரே. ஜப்பானியரின் மல்வித்தையாகிய ஜூடோவை இவர் கற்றார். ஜூடோ என்பது முரட்டுப் பலத்தால் மோதுவதல்ல. எதிரி தள்ளும் வேகத்தையே பயன்படுத்தி, அவன் நிலை தவறும் சமயம் பார்த்து அவனை வீழ்த்துவதாகும்.

1959-ம் வருஷம் நியூயார்க் மாகாணத்தில் யூட்டிகா என்ற ஊரில் கிறிஸ்தவ வாலிபர் சங்கத்தாரின் ஜூடோ பந்தயம் நடந்தது. இவருடைய கோஷ்டியில் ஒரு ஆண் காயம்பட்டுவிட, அவனுக்குப் பதிலாக இவர் இறங்கினார். தலைமயிரைக் குட்டையாக வைத்து, மார்பைத் துணியால் இறுகக் கட்டிக்கொண்டு நின்றார். எதிர்த்து வந்த ஆணை ஜெயித்தார். கோஷ்டியும் ஜெயித்தது, பதக்கமும் கிடைத்தது. பிறகு பந்தயம் நடத்தியவர்கள், நீ பெண்ணா என்று கேட்டார்கள். ஆம் என்றார். பதக்கம் போய்விட்டது!

தோழர்களே! சற்று யோசித்துப் பாருங்கள். கேள்விக்கு முன்னிருந்த அதே கையும் காலுந்தானே கேள்விக்குப் பின்னும் இருந்தன? பெண்ணுக்குப் பலமில்லை என்பது உண்மையானால் அவர் தோற்றிருக்க வேண்டும். அவரோ ஜெயித்தார். ஆகவே, அவரைத் தடுத்தது இயற்கையல்ல. ஆண்கள் உண்டாக்கி வைத்த வழக்கமேயாகும். சாஸ்திரம் சமஸ்கிருதத்தில்தான் இருக்கவேண்டும் என்பதில்லை. ஏட்டில் எழுதாமலும் இருக்கும் என்பதற்கு இதுவே அத்தாட்சி.

அம்மையார் அழுதுகொண்டு வீட்டில் உட்கார்ந்துவிடவில்லை. 1962-ல் ஜப்பானுக்குப் போனார். ஜிகோரோ கானோ என்பவர் 1882-ல் ஸ்தாபித்த கோடோகான் என்னும் ஜூடோ கழகத்தில் பெண்களுக்குத் தனிப் பகுதி இருந்தது. இவருடைய திறமையைக் கண்டு, ஆண்களோடு சேர்ந்து பயில இவரை அனுமதித்தார்கள். அந்த அனுமதி பெற்ற முதல் பெண் இவரே.

ஆண்களுக்கு 1956 முதலே உலகப் பந்தயம் இருந்தது. பெண்களுக்கு இல்லை. தன் வீட்டை அடமானம் வைத்து, 1980-ல் நியூயார்க்கில் பெண்களுக்கான முதல் உலகப் பந்தயத்தை அம்மையார் நடத்தி வைத்தார். ஒலிம்பிக்கில் ஆண்களின் ஜூடோ 1964-ல் சேர்ந்தது. பெண்களுடையது 1988-ல் வெறுங் காட்சியாகவும், 1992-ல்தான் பதக்கத்திற்குரிய பந்தயமாகவும் சேர்ந்தது. இடையில் 28 வருஷம்!

அந்த 1992-ல் வெள்ளிப் பதக்கம் பெற்ற ஜப்பானியப் பெண் ரியோகோ தமுராவுக்கு வயது 16. 48 கிலோ எடைப் பிரிவில் போட்டியிட்டவர். 2000-லும் 2004-லும் ஒலிம்பிக் தங்கம் பெற்றார். 2005 கடைசியில் ஒரு பிள்ளையைப் பெற்றார். 'இனி அவ்வளவுதான், பிள்ளை பெற்றவளுக்கு ஏது பலம்?' என்பார்கள் நம் பண்டிதர்கள். 2007-ல் அந்தத் தாய் தன்னுடைய ஏழாவது உலகப் பட்டத்தை ஜெயித்தார்!

கனோகோகி அம்மையாருக்கு அந்தச் சங்கத்தார் 2009 ஆகஸ்டில் பதக்கத்தைத் திருப்பிக் கொடுத்தார்கள். அப்போது அவருக்கு வயது 74. அதே வருஷம் நவம்பரில் காலமானார். ஒரு பதக்கம் திரும்பிவர 50 வருஷம் பிடித்ததென்றால், களத்தில் இறங்கவே விடப்படாத பெண்களுக்கு எதை யார் திருப்பிக் கொடுப்பது?

ஆகையால் தாய்மார்களே! உங்கள் பெண் ஓடினால், குதித்தால், 'பெண்ணுக்கு இது அழகா?' என்று கேட்காதீர்கள். யூட்டிகாவில் கேட்ட கேள்வியும் அதுதான். அவளுக்கு என்ன முடியும், என்ன முடியாது என்பதை அவளே செய்து பார்த்துத் தெரிந்துகொள்ள விடுங்கள் என்று கேட்டுக்கொண்டு என் பேச்சை முடித்துக்கொள்ளுகிறேன்.