விதைக்கும் பெயர் உண்டு

(ஆமத்தூரில் ஆற்றிய உரை)



விருதுநகருக்கும் சிவகாசிக்கும் இடையே இருக்கிறது இந்த ஆமத்தூர். ஒரு பக்கம், வற்றலுக்கும் பருப்புக்கும் விலை பேசும் வணிகநகர். மறு பக்கம், தீக்குச்சியும் பட்டாசும் பிறக்கும் தொழில்நகர். நடுவிலே, இரண்டுக்கும் மூத்ததாய் விளங்குவது கரிசல்! மழை பெய்தால் காலைக் கவ்விப் பிடிக்கும். வெயில் எரித்தால் வாய் பிளந்து கிடக்கும். ஆனால், வயிற்றிலே ஈரத்தை வைத்துக் காக்கும் மண்.

அரசியல் மேடையிலே நின்று மண்ணைப் பற்றியும் விதையைப் பற்றியும் பேசுகிறானே என்று எண்ணுகிறீர்களா? விதையை விட்டுவிட்டு வேறெந்த அரசியலைப் பேசுவது? எதை விதைப்பது, எவரிடம் வாங்குவது, எவர் விலை வைப்பது—இவை அரசியல் இல்லையென்றால் எவைதான் அரசியல்?

இதே வட்டாரத்துத் தியாகி சங்கரலிங்கனார். 1956ஆம் ஆண்டு சூலை 27இல் உண்ணாநோன்பு தொடங்கினார். பதவி கேட்டல்ல, பட்டம் கேட்டல்ல! இந்த நாட்டுக்குத் 'தமிழ்நாடு' என்று பெயரிடுக என்று கேட்டார். எழுபது நாட்களுக்கும் மேலாகப் பட்டினி கிடந்து, அக்டோபர் 13இல் உயிர் நீத்தார். 1969 சனவரி 14இல் அந்தப் பெயர் நடைமுறைக்கு வந்தது. வெறும் பெயருக்கா உயிரைக் கொடுத்தார் என்று கேட்டவர்களும் உண்டு. பெயர் போனால் உரிமை போகும், உரிமை போனால் உடைமை போகும் என்பதை அந்தப் பெரியவர் அறிந்திருந்தார்.

பெயருக்கு உயிர் கொடுத்த மண்ணிலே நின்று கேட்கிறேன்: கருங்கண்ணி என்றால் என்னவென்று இங்கே எத்தனை இளைஞருக்குத் தெரியும்?

அது பருத்தி, தோழர்களே! நமது நாட்டுப் பருத்தி. மானாவாரிக் கரிசலிலே ஆழ வேரோட்டி, கிடைத்த மழையைக் கொண்டே காய்த்த பருத்தி. கருங்கண்ணியும் உப்பமும் சேர்ந்த பருத்தி, 'திருநெல்வேலிப் பருத்தி' என்ற பெயரோடு கடல் கடந்து சென்றது. அதை ஆராய்வதற்காகவே அண்டையிலுள்ள கோவில்பட்டியில் 1901இலேயே ஆய்வுப் பண்ணை அமைந்தது. வெள்ளையனுக்கு நம்மீது பாசமா? இல்லை, பஞ்சின் மீது பாசம்! ஆனால், அவன் அறிந்த அருமையை நாம் மறந்தோம் என்பதுதான் வேதனை.

கருங்கண்ணி ஏன் போயிற்று? நேர்மையாகவே சொல்லுகிறேன். அதன் இழை குட்டை. ஆலைகளின் இயந்திரங்கள் நீண்ட இழையைக் கேட்டன. அமெரிக்க இனப் பருத்திகள் வந்தன. பிறகு வீரிய ஒட்டு ரகங்கள் வந்தன. 2002இல் மரபணு மாற்றிய பி.டி. பருத்திக்கு இந்திய அரசு இசைவு தந்தது. கூடுதல் விளைச்சலை நாடிய உழவனைக் குறை கூறமாட்டேன். பசித்தவனுக்குப் பழமையைக் காட்டிப் பாடம் நடத்துவது பகுத்தறிவாகாது.

ஆனால், கணக்கின் மறுபக்கத்தையும் பார்க்க வேண்டாமா? ஒட்டு ரகத்தின் விதையை எடுத்து வைத்து மறு ஆண்டு விதைத்தால், பிள்ளைகள் ஒன்றுபோல் இருப்பதில்லை, விளைச்சல் சரிகிறது. ஆகவே, ஆண்டுதோறும் கடைவாசலிலே காத்திருக்க வேண்டும். புழுவைக் கொல்லும் என்றார்கள். இளஞ்சிவப்புக் காய்ப்புழு அந்த நஞ்சையும் தாங்கிக் கொள்ளக் கற்றுக் கொண்டது! 1990களில் வடமேற்கு இந்தியாவிலும் பாகிஸ்தானிலும் இலைச்சுருள் நோய் அமெரிக்க இனப் பருத்தியைச் சூறையாடியபோது, கருங்கண்ணியின் இனத்தைச் சேர்ந்த நாட்டுப் பருத்தியை அந்த நச்சுயிரி நெருங்க முடியவில்லை. ஏழை வீட்டுப் பிள்ளைதான். ஆனால் எதிர்ப்பாற்றல் உள்ள பிள்ளை!

இதைத்தான் மரபு வளம் என்கிறார்கள் அறிவியலார். நெல்லில் 'புல் குட்டை' நோய் ஆசியாவை அச்சுறுத்தியபோது, ஆறாயிரத்துக்கும் மேற்பட்ட நெல் வகைகளைச் சோதித்துப் பார்த்தார்கள். தடுக்கும் ஆற்றல் எதில் கிடைத்தது? உத்தரப் பிரதேசத்திலே சேகரித்த ஒரு காட்டு நெல்லில்! களையென்று எவரேனும் அதைப் பிடுங்கி எறிந்து, அது பூண்டோடு அழிந்திருந்தால்?

லெனின்கிராடு நகரை இட்லரின் படை 1941 முதல் 1944 வரை முற்றுகையிட்டது. அங்கே, அறிஞர் வவிலோவ் திரட்டிய விதைக் களஞ்சியம் இருந்தது. அரிசி இருந்தது, கோதுமை இருந்தது, காத்து நின்ற அறிவியலாரின் வயிற்றிலே பசி இருந்தது. அவர்களில் பலர் பட்டினியால் மாண்டனர், விதையைத் தொடவில்லை! திரட்டிய வவிலோவோ, சொந்த நாட்டுச் சிறையிலே 1943இல் மாண்டார். அரசுகள் அறிஞரை மறக்கும், விதை மறப்பதில்லை.

நமக்குத் தொலைநாடு போக வேண்டியதில்லை. 2018இல் மறைந்த நெல் ஜெயராமன், 174 மரபு நெல் வகைகளை மீட்டார். பல்கலைக் கழகப் பட்டத்தாலல்ல. திருவிழா நடத்தி, உழவர் கைக்கு உழவர் கை மாற்றி மீட்டார். அவர் பெயரிலே மரபு நெல்லுக்கென ஓர் இயக்கத்தைத் தமிழ்நாட்டு அரசு 2021இல் அறிவித்தது. வரவேற்கிறேன். ஆனால், கேட்கிறேன்: காவிரி நெல்லுக்கு ஓர் இயக்கம் என்றால், கரிசல் பருத்திக்கு ஏன் இல்லை? ஆறு பாயாத ஊரிலே அக்கறையும் பாயாதா?

நான் நாடகம் எழுதுபவன். ஒரு காட்சி மட்டும் சொல்ல அனுமதியுங்கள். பட்டாசு ஆலை வேனிலிருந்து பேத்தி இறங்கி வருகிறாள். கையிலே மருந்துக் கறை. திண்ணையிலே அப்பத்தா.

"அப்பத்தா, இந்தக் குலுக்கையை ஏன் இன்னும் வைத்திருக்கிறாய்? காலியாகத்தானே கிடக்கிறது?"

"இப்போது காலிதான், தாயி."

"முன்பு அதில் என்ன இருந்தது?"

"அடுத்த வருசம் இருந்தது."

திரை விழட்டும். நாடகம் முடியவில்லை! சாம்பலும் வேப்பிலையும் இட்டு விதை காத்தது அந்தக் கை. சாணக் கரைசலிலே பருத்திக்கொட்டையைப் புரட்டி விதைத்தது அந்தக் கை. அந்தக் கையின் பேத்திதான் இன்று கரிமருந்து நிறைக்கிறாள். 2012 செப்டம்பர் 5இல் முதலிப்பட்டியிலே முப்பதுக்கும் மேற்பட்ட உயிர்களை வெடிவிபத்து விழுங்கியதை இந்த வட்டாரம் மறக்குமா? ஆலையை மூடு என்று நான் சொல்ல வரவில்லை, அடுப்பெரிவது அதனால்தான். ஆலை ஒன்றே வழி என்ற நிலை ஆகாது என்கிறேன். உழுதால் பிழைக்கலாம் என்ற நிலை இருந்தால்தான், ஆபத்தான வேலையை வேண்டாம் என்று சொல்லும் துணிவு பிறக்கும். சீமைக் கருவேலம் மூடிய புஞ்சை, கூலி பேசும் வலிமையையும் சேர்த்தல்லவா மூடிவிட்டது!

சட்டம் நம் பக்கம் இருக்கிறது. 2001ஆம் ஆண்டின் பயிர் வகைப் பாதுகாப்பு, உழவர் உரிமைச் சட்டம் சொல்லுகிறது: உழவன் விதையைச் சேமிக்கலாம், விதைக்கலாம், பகிரலாம், விற்கலாம், வணிகப் பெயரிட்ட விதையாக மட்டும் விற்கக் கூடாது. தன் வகையைத் தன் பெயரிலே பதிவும் செய்யலாம். 2019இல் குசராத்து உருளைக்கிழங்கு உழவர்கள் மீது பெப்சிகோ நிறுவனம் வழக்குத் தொடுத்தது. நாடெங்கும் எதிர்ப்பு எழுந்ததும் அதே ஆண்டு வழக்கைத் திரும்பப் பெற்றது. சட்டம் ஏட்டிலே உறங்கும். எழுப்புவது மக்கள் குரல்!

ஆகவே, கிளைக்கழகத் தோழர்களே, மூன்று வேலைகள். ஒன்று: ஊரிலே முதியவர்களிடம் செல்லுங்கள், எந்த விதை எவரிடம் எஞ்சியிருக்கிறது, எந்த மாதம் விதைப்பது, எதற்கு உதவும் என்று குறிப்பேட்டிலே எழுதுங்கள். இரண்டு: ஊருக்கு அரை ஏக்கராவது ஒதுக்கி, புரட்டாசி மழையிலே விதைத்து, விதையைப் பெருக்குங்கள். பெட்டியிலே பூட்டிய விதை உறங்கும். நிலத்திலே வளரும் விதை மாறும் மழையோடு சேர்ந்து தானும் பழகும். மூன்று: ஆளுவோர் எவராயினும் கேளுங்கள். கருங்கண்ணிக்குத் தனிக் கொள்முதல் விலை வேண்டும். அந்தக் குட்டை இழையை நூற்க, நெய்ய, கைத்தறிக்கும் கோ-ஆப்டெக்சுக்கும் வழி வேண்டும். விற்க இடமில்லாத விதையை எவனும் நெடுநாள் காக்க மாட்டான்.

நாட்டுக்குப் பெயர் கேட்டுப் பட்டினி கிடந்தார் ஒரு பெரியவர். பெற்றோம். அந்த நாட்டின் விதைகளுக்கும் பெயர் இருக்கிறது. பட்டினி கிடக்க வேண்டாம், தோழர்களே. இன்றிரவு வீட்டுக்குப் போனதும் அப்பத்தாவிடம் அந்தப் பெயர்களைக் கேளுங்கள். அவர் இருக்கும்போதே கேளுங்கள்.