விளக்கில் வீழ்ந்த விட்டில்



பன்னிரண்டு பாவனைகளுள் அநித்தியத்தை முதலாவதாக வைத்துப் பயில்பவர் நாம். அதே சிந்தனை வேறொரு நாட்டில், வேறொரு கலையில் தோன்றிய விதத்தை இன்று எடுத்துரைக்க விழைகிறேன்.

ஸ்டேன் பிராக்கேஜ் அமெரிக்கத் திரைக்கலைஞர். 1933இல் பிறந்து 2003இல் மறைந்தவர். 1963இல் அவர் ஆக்கிய 'மாத்லைட்' என்னும் குறும்படம் நான்கு நிமிட அளவினது. அதில் கதையில்லை, மாந்தரில்லை, ஒலியுமில்லை. கேமராவும் பயன்படவில்லை. விளக்குகளில் மோதி இறந்து கிடந்த விட்டில்களின் இறகுகளையும், பூவிதழ்களையும், புல்லையும் ஒளி ஊடுருவும் இரு ஒட்டுநாடாக்களுக்கு இடையே பதித்தார். அந்நாடாவே 16 மி.மீ. படச்சுருளாயிற்று. அதிலிருந்து படியெடுத்துத் திரையிட்டனர்.

திரையில் நரம்போடிய இறகுகள் மின்னி மறைகின்றன. ஒன்றைக் கண் பற்றுமுன் அடுத்தது வந்துவிடுகிறது. செத்த இறகு மீண்டும் பறப்பதுபோல் மயக்கம் உண்டாகிறது. சுருள் நின்றதும் அம்மயக்கமும் நீங்குகிறது.

இறந்த உயிரின் உடலைக் கலைப்பொருளாக்குவது தகுமா என்னும் ஐயம் நமக்கு எழுவது இயல்பே. அவர் படத்திற்காகக் கொல்லவில்லை, இறந்தவற்றையே திரட்டினார். ஆயினும், விளக்கை ஏற்றியவர் யார் என்னும் வினா எஞ்சி நிற்கிறது. கதிரவன் மறைந்தபின் உண்ணாமையை நம் முன்னோர் போற்றியதற்கு, விளக்கொளியை நாடி வந்து மடியும் சிற்றுயிர்களும் ஒரு காரணம் அன்றோ?

பணி முடிந்து இரவில் இல்லம் திரும்பும் நம் பிள்ளைகளுக்கு இன்று அந்நோன்பு கடினமாகிவிட்டது. "இது எதற்கு?" என்று அவர்கள் வினவினால் பெரியோர் கடிந்துகொள்ள வேண்டா. அவர்களோடு அமர்ந்து இப்படத்தைக் காணுங்கள். நான்கு நிமிடத்தில் அவர்களே விடையின் அருகில் வந்து சேர்வர்.

பிற்காலத்தில் பிராக்கேஜ் படச்சுருளின்மீது சாயங்களால் நேரே தீட்டிப் பல அருவப் படங்களை ஆக்கினார். அச்சாயங்களே தம் புற்றுநோய்க்குக் காரணம் என அவர் கருதினார். நோய்ப்படுக்கையில், கருநிறப் படச்சுருளை உமிழ்நீரால் நனைத்து நகத்தால் கீறினார். 'சைனீஸ் சீரிஸ்' என்னும் அச்சிறு படமே அவருடைய இறுதிப் படைப்பு. கருவிகள் ஒவ்வொன்றாக நீங்கியபின், தேயும் உடலே கருவியாயிற்று. விட்டிலின் இறகுக்கும் அந்நகத்திற்கும் நிலையாமையில் வேற்றுமை ஏது?

இன்றிரவு வாயில் விளக்கை அணைக்கச் செல்லும்போது, அதன்கீழ் உதிர்ந்து கிடக்கும் இறகுகளை ஒரு கணம் நோக்குவோமாக. பின்னர், தேவையில்லாத விளக்கு ஒன்றையேனும் அணைப்போமாக.

அறம் வளர்க.