மரத்தூசியும் மனித உயிரும்



பஞ்சுத் தூசி நெஞ்சை அடைப்பதை நாம் அறிவோம். மரத்தூசி என்ன செய்யும்?

இங்கிலாந்தில் ஹை விக்கம் என்றொரு ஊர்; நாற்காலி செய்வதில் பேர் போனது. மூக்கினுள் புற்றுநோய் கண்டு வந்தவர்களில் மரச்சாமான் தொழிலாளிகள் அளவுக்கு மிஞ்சி இருப்பதை அங்கே எஸ்மி ஹேட்ஃபீல்ட் என்ற டாக்டர் கவனித்தார். ஆக்ஸ்போர்டு டாக்டர்களும் சேர்ந்து ஆராய்ந்து, 1968-ல் உண்மையை வெளியிட்டார்கள். 1969-ல் பிரிட்டிஷ் சர்க்கார் அதைத் தொழில் நோய் என்று ஏற்று, நஷ்டஈட்டுக்கு வழி திறந்தது. மரத்தூசி மனிதருக்குப் புற்றுநோய் தரும் என்று உலக சுகாதார ஸ்தாபனத்தின் புற்றுநோய் ஆராய்ச்சி நிலையமும் 1995-ல் அறிவித்தது.

ஐரோப்பிய யூனியன் 1999-ல் கடின மரத்தூசிக்கு விதித்த வரம்பு, கனமீட்டர் காற்றுக்கு 5 மில்லிகிராம். படிப்படியாகக் குறைந்து 2023-ல் அது 2 ஆயிற்று.

ஆனால் இந்த நோய் உடனே தலைகாட்டுவதில்லை. பல பத்தாண்டு கழித்து வருகிறது. அதற்குள் தொழிலாளி வேலையை விட்டிருப்பார்; முதலாளியின் பேரேட்டில் அவர் பெயரே இராது! ஆகவே நஷ்டஈடு மட்டும் போதாது. தூசி கிளம்பும் இடத்திலேயே, ரம்பத்தின் அருகிலேயே, உப்புத்தாள் யந்திரத்தின் அருகிலேயே, அதை உறிஞ்சும் குழாய் வேண்டும். துடைப்பத்தால் பெருக்கித் தூசியைக் கிளப்பக் கூடாது. காற்றை அளந்து, அந்தக் கணக்கைத் தொழிலாளிகளுக்குக் காட்ட வேண்டும்.

சட்டம் ஏட்டில் உறங்கினால் தூசி மூக்கில் ஏறும். அதைப் பட்டறைக்குள் கொண்டுவருவது சங்கத்தின் வேலை. அதாவது, நம் வேலை!